அரைக்காதும் கொழுப்பு டின்னும்

அந்த ஆறு வீட்டுக் கட்டடத்தில் ஒரு பீப்பாய்க்கு இருந்த மரியாதை வேறு யாருக்கும் இருந்ததில்லை.

சும்மா பீப்பாய் இல்லை. மிளகின் அப்பா வெல்டர். பட்டறையில் கேட்பாரற்றுக் கிடந்த ஒரு பழைய இரும்புப் பீப்பாயை எடுத்து, நெடுக்காக இரண்டாக அறுத்து, கீல் வைத்து மேல்பாதியை மூடியாக்கி, உள்ளே கம்பி வலை போட்டு, நான்கு காலும் சக்கரமும் மாட்டி, ஒரு பார்பிக்யூ அடுப்பு செய்துவிட்டார். மாதத்தின் கடைசி ஞாயிற்றுக்கிழமை மதியம் ஆறு வீட்டாரும் பின்முற்றத்தில் கூடுவார்கள். கோழி, மீன், சோளம், உருளைக்கிழங்கு என்று எல்லாம் அதில் சுடப்படும். அன்று ஒரு நாள் அப்பாதான் ராஜா. நீளமான இடுக்கியைப் பிடித்துக்கொண்டு அவர் நிற்கும் தோரணையே தனி.

மிளகு என்பது அவளுடைய உண்மையான பெயர் இல்லை. வயது பத்து. "ஆள்தான் சின்னது, வாயைத் திறந்தா காரம்" என்று சொல்லி மேல்வீட்டு மாமா வைத்த பெயர் அது. அப்படியே ஒட்டிக்கொண்டது. ஒட்டிக்கொண்டதில் அவளுக்கும் கொஞ்சம் பெருமைதான்.

அந்த மேல்வீட்டு மாமாவுக்கும் ஒரு பெயர் உண்டு. கட்டடத்தின் கேட், மொட்டைமாடி, மோட்டார் அறை எல்லாவற்றின் சாவியும் அவர் இடுப்பில்தான் தொங்கும். அவர் வருவதற்கு முன்பே சத்தம் வந்துவிடும். பிள்ளைகள் அவருக்கு வைத்த பெயர் சாவிக்கொத்து மாமா. அது அவருக்குத் தெரியாது என்று பிள்ளைகள் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

அடுப்பில் கோழி வேகும்போது கொழுப்பு உருகும். நெருப்பில் சொட்டினால் புகை கிளம்பிக் கண்ணைக் கரிக்கும். அதற்காக அப்பா உள்ளே ஒரு சாய்வுத் தகடு வைத்து, அடியில் துளை போட்டு, துளைக்குக் கீழே கம்பியில் ஒரு காலி டின்னைத் தொங்கவிட்டிருந்தார். கொழுப்பெல்லாம் வழிந்து அதில் வந்து சேரும்.

அந்த டின்னைக் காலி செய்வது மிளகின் வேலை.

"சூடு ஆறினா கெட்டியாயிடும். பேப்பர்ல வழிச்சுப் போட்டுச் சுருட்டி, தெருமுனைக் குப்பைத் தொட்டியில போட்டுடு. அதுக்குத்தான் மூடி இருக்கு" என்று அப்பா முதல் மாதமே சொல்லியிருந்தார்.

தெருமுனைக் குப்பைத் தொட்டி சரியாக இருநூற்றுப் பன்னிரண்டு அடி தூரம். அப்பாவோடு போனபோது மிளகு எண்ணியிருக்கிறாள். ஆனால் இருநூறாவது அடியில் ஒரு தையல்கடை இருந்தது. தையல்கடைப் படியில் ஒரு நாய் படுத்திருக்கும். ஒரு காது பாதியோடு நின்றுபோன பழுப்பு நாய். தெருவே அதை அரைக்காது என்று கூப்பிட்டது.

மிளகுக்கு நாய் என்றால் பயம்.

இது யாருக்கும் தெரியாது. அம்மாவுக்கும் அப்பாவுக்கும்கூடத் தெரியாது. பள்ளிக்கூடம் எதிர்ப்பக்கம் இருந்ததால் சிக்கல் வந்ததில்லை. வகுப்பில் நெட்டையான பையன்களையே வாயடைக்க வைக்கும் மிளகு, ஒரு நாயைக் கண்டு பயப்படுகிறாள் என்று தெரிந்தால் அவள் பெயர் என்னாவது?

அதனால் முதல் மாதமே அவள் ஒரு குறுக்குவழி கண்டுபிடித்தாள். டின்னை எடுத்துக்கொண்டு கேட் வரைக்கும் போவாள். யாரும் பார்க்கவில்லை என்றால் அப்படியே திரும்பி, முற்றத்தின் மூலையில் இருந்த தண்ணீர் டேங்குக்குப் பின்னால் போவாள். கொழுப்பைக் கொட்டி, காலால் மண்ணைத் தள்ளி மூடிவிடுவாள். கொஞ்ச நேரம் கழித்து, நடந்து களைத்தவள்போல வீட்டுக்குள் வருவாள்.

ஐந்து மாதம் இப்படியே போனது. காதும் காதும் வைத்த மாதிரி.

ஆறாவது மாத விருந்தில்தான் வந்தது வினை.

அப்பா கோழியைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தார். மதில் மேல் ஒரு பூனை. மரத்தில் நான்கு காகங்கள். விருந்து என்றால் இவர்களுக்கு எப்படித்தான் மூக்கில் வேர்க்குமோ தெரியாது. எல்லோரும் காகத்தை விரட்டிக்கொண்டிருந்தபோது, யார் கண்ணிலும் படாமல் அரைக்காது உள்ளே வந்துவிட்டது. கோழியை அது ஏறிட்டும் பார்க்கவில்லை. நேராக அடுப்புக்கு அடியில் புகுந்து, தொங்கிக்கொண்டிருந்த டின்னில் மூக்கை வைத்தது.

டின் கொதித்துக்கொண்டிருந்தது. நாய் துள்ளியது. துள்ளிய வேகத்தில் அடுப்பின் காலில் மோத, அடுப்பு உருண்டுபோய் மதிலில் இடித்துச் சாய்ந்தது. கோழி மண்ணில் விழுந்தது. சோளம் உருண்டு மாமாவின் நாற்காலிக்கு அடியில் போய் நின்றது. நெருப்புக் கரி நாலாபக்கமும் சிதறியது. ஓடப் பார்த்த அரைக்காது ஒரு கரித்துண்டை மிதித்துவிட்டது. அது போட்ட சத்தத்தில் காகங்கள் எல்லாம் ஒரே நேரத்தில் பறந்தன.

மூன்று காலில் நொண்டிக்கொண்டே நாய் வெளியே ஓடியது.

மனிதர்கள் யாருக்கும் அடிபடவில்லை. ஆனால் சாவிக்கொத்து மாமாவின் முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

"பூனை வந்துச்சு, பொறுத்துக்கிட்டேன். காக்கா வந்துச்சு, அதையும் பொறுத்துக்கிட்டேன். இன்னிக்கு நெருப்பு கொட்டியிருக்கு. குழந்தைங்க கால்ல பட்டிருந்தா யார் பதில் சொல்றது?"

மாமா கேட்டதில் நியாயம் இருந்தது.

"அடுத்த ஞாயித்துக்கிழமை இன்னொரு தடவை வச்சுப் பார்ப்போம். அன்னிக்கும் நாய் உள்ள வந்து வாலாட்டினா, திங்கக்கிழமை காலைல நாய் பிடிக்கிற வண்டிக்கு போன் பண்ணிடுவேன். இந்தப் பீப்பாயும் பழைய இரும்புக் கடைக்குத்தான் போகும்" என்றார் மாமா.

சாயங்காலம் மிளகு அம்மாவிடம் போய் நின்றாள். அம்மா நகரப் பேருந்து ஓட்டுகிறவர். மறுநாளைக்கான சீருடையை மடித்துக்கொண்டிருந்தார்.

"அந்த வண்டி நாயை எங்கேம்மா கொண்டு போகும்?"

"ஊருக்கு வெளியில ஒரு கொட்டகை இருக்கு. அங்கதான்."

"திரும்ப வருமா?"

"வராதுடா."

மிளகு தன் அறைக்குப் போனாள். உண்மையைச் சொன்னால், முதலில் அவளுக்கு வந்தது வருத்தம் இல்லை. அப்பாடா என்றுதான் இருந்தது. நாய் போய்விட்டால் இருநூற்றுப் பன்னிரண்டு அடியையும் நிம்மதியாக நடக்கலாம். பயந்தாள் என்பது கடைசி வரைக்கும் யாருக்கும் தெரியாது.

*

அப்பா தோல்வியை ஒப்புக்கொள்கிற ஆள் இல்லை.

திங்கட்கிழமை, அடுப்பைச் சுற்றி மிளகாய்த்தூளால் ஒரு வட்டம் போட்டார். "இதைத் தாண்டி எந்த மிருகமும் வராது, பாரு" என்றார். அந்த நேரம் பார்த்துக் காற்று அடித்தது. அப்பா பதினேழு தும்மல் தும்மினார். மதில் மேல் உட்கார்ந்திருந்த பூனை, பதினேழையும் வேடிக்கை பார்த்துவிட்டுத்தான் எழுந்து போனது.

செவ்வாய்க்கிழமை, பளபளக்கும் பழைய சிடிக்களைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டார். காகம் பயந்து ஓடுமாம். காகம் வந்தது, பார்த்தது, கயிற்றைக் கொத்தி ஒரு சிடியைத் தூக்கிக்கொண்டு போனது.

புதன்கிழமை, ஒரு ரேடியோவை அலறவிட்டார். பூனை அதன் பக்கத்தில் சுருண்டு படுத்துத் தூங்கியது. ரேடியோ கொஞ்சம் சூடாக இருக்கும் போலிருக்கிறது.

"இது வேலைக்கு ஆகாது" என்று தலையைச் சொறிந்த அப்பா, மிளகிடம் ஒரு நோட்டைக் கொடுத்தார். "ஸ்கூல் விட்டு வந்ததும் மாடிப்படி ஜன்னல்ல உட்காரு. யார் வர்றாங்க, எப்ப வர்றாங்க, எங்க போறாங்கன்னு எழுது. எதிரியைப் பத்தித் தெரிஞ்சாதான் எதாவது பண்ண முடியும்."

வியாழக்கிழமை நாலரை மணிக்கு மிளகு ஜன்னலில் உட்கார்ந்தாள். அடுப்பைச் சோப்புப் போட்டுக் கழுவி, அப்பா தார்ப்பாயால் மூடி வைத்திருந்தார். முற்றத்தில் சாப்பிட ஒரு துணுக்குக்கூட இல்லை.

அரைக்காது வந்தது. ஒரு முன்னங்காலைத் தரையில் ஊன்றாமல் தூக்கித் தூக்கி வைத்து வந்தது. அடுப்பு இருந்த பக்கம் திரும்பவே இல்லை. நேராகத் தண்ணீர் டேங்குக்குப் பின்னால் போனது. பிறகு பூனை வந்தது. அதுவும் டேங்குக்குப் பின்னால்தான் போனது. மரத்திலிருந்து ஒரு காகம் இறங்கியது. எங்கே? டேங்குக்குப் பின்னால்.

மிளகின் பேனா நின்றுவிட்டது.

எல்லாம் போன பிறகு அவள் கீழே இறங்கிப் பார்த்தாள். மண் குழிவாகத் தோண்டப்பட்டிருந்தது. அங்கிருந்த கல் ஒன்று நக்கி நக்கிப் பளபளவென்று இருந்தது. எறும்புகள் அங்கிருந்து கிளம்பி, அடுப்பின் கால் வரைக்கும் சாரி சாரியாகப் போய்க்கொண்டிருந்தன.

மிளகாய்த்தூளும் சிடியும் ரேடியோவும் என்ன செய்யும்? இந்த முற்றத்துக்கு வந்தால் ருசியாக ஏதோ கிடைக்கும் என்று யாரோ ஐந்து மாதமாக அவற்றைப் பழக்கி வைத்திருக்கிறார்கள். அதே வாசனை டின்னிலிருந்து வந்தால் அரைக்காது டின்னைத் தேடித்தானே போகும்?

யாரோ என்ன யாரோ. அவள்தான்.

அன்று ராத்திரிச் சாப்பாட்டின்போது அப்பா நோட்டைப் புரட்டினார். "நாலரை, நாய், டேங்குக்குப் பின்னாடி. நாலே முக்கால், பூனை, டேங்குக்குப் பின்னாடி. அட, அங்க அப்படி என்ன இருக்கு?"

"தெரியலப்பா" என்றாள் மிளகு.

தட்டில் விரலால் கோடு போட்டுக்கொண்டிருந்தாள்.

"என்னடி, மிளகுல காரமே இல்ல இன்னிக்கு?" என்றார் அம்மா.

"பசிக்கலம்மா" என்று மென்று விழுங்கினாள்.

*

வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடம் விட்டதும் மிளகு அப்பாவின் கொத்துக்கரண்டியையும் ஒரு சாக்கையும் எடுத்துக்கொண்டு டேங்குக்குப் பின்னால் போனாள். கொழுப்பு ஊறிய மண்ணை யாருக்கும் தெரியாமல் அள்ளி எறிந்துவிட்டால், நாய் வராது. வண்டியும் வராது. எதையும் யாரிடமும் சொல்லவும் வேண்டாம். இதுதான் அவள் கணக்கு.

கணக்கு தப்பாகிவிட்டது. அரை சாக்கு நிரம்புவதற்குள் கை கொப்பளித்துவிட்டது. தோண்டத் தோண்ட உள்ளேயும் அதே பிசுபிசுப்பு, அதே நாற்றம். ஐந்து மாதத்துக் கொழுப்பு எவ்வளவு ஆழம் போகும் என்று அவளுக்கு அதுவரை தெரியாது.

முதுகுக்குப் பின்னால் ஏதோ மூச்சு விடும் சத்தம் கேட்டது.

திரும்பினாள். அரைக்காது நின்றுகொண்டிருந்தது. ஒரு பக்கம் டேங்க், மறுபக்கம் மதில், எதிரில் நாய். ஓட வழி இல்லை. மிளகு கரண்டியை முன்னால் நீட்டிப் பிடித்துக்கொண்டாள்.

அப்போது ஒரு வேடிக்கை நடந்தது. அரைக்காது பின்னால் நகர்ந்தது. ஒன்றரைக் காதையும் மடக்கிக்கொண்டு, வாலை வயிற்றுக்கு அடியில் செருகிக்கொண்டு, உடம்பைத் தரையோடு தரையாகத் தாழ்த்தியது. அதன் கண் கரண்டியையே பார்த்துக்கொண்டிருந்தது.

என்னைப் பார்த்தா பயப்படுகிறது, என்று மிளகு ஆச்சரியப்பட்டாள். பயந்துபோனவர்கள் எப்படி நிற்பார்கள் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும்.

கரண்டியை மெல்லக் கீழே வைத்தாள்.

நாய் கிட்டே வரவில்லை. ஓடவும் இல்லை. அங்கேயே உட்கார்ந்து தன் முன்னங்காலை நக்கத் தொடங்கியது. பாதத்தின் அடியில் தோல் உரிந்து, சிவப்பாக, ஈரமாக இருந்தது. ஒவ்வொரு தடவை நக்கும்போதும் அதன் உடம்பு ஒரு முறை வெட்டி இழுத்தது.

மிளகுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"நீயா வரல. நான்தான் உன்னை வரவச்சேன்" என்றாள்.

நாய்க்கு என்ன புரிந்ததோ, நக்குவதை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தது. பிறகு எழுந்து நொண்டிக்கொண்டே போனது.

மிளகு நேராக அப்பாவிடம் போனாள். பட்டறையிலிருந்து அப்போதுதான் வந்திருந்த அப்பா, முகம்கூடக் கழுவவில்லை. அவள் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னாள். நாய்ப் பயம், குறுக்குவழி, டேங்குக்குப் பின்னால் கொட்டியது, நேற்றுச் சொன்ன பொய், எதையும் விடவில்லை.

அப்பா கையில் இருந்த கரியைத் துணியில் துடைத்தார். பிறகு, "ஒரு வாரமா அந்த நாயை நானும் திட்டிட்டேனே" என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, "டின்னை நாய் மூக்குக்கு நேரா, மூடி இல்லாமத் தொங்கவிட்ட புத்திசாலி நான்தான்" என்றார்.

"மாமாகிட்ட சொல்லணும்ப்பா."

"நான் சொல்லட்டுமா?"

மிளகு யோசித்தாள். "வேண்டாம். கொட்டினது நான்தானே. நீங்க மாடிப்படியில நில்லுங்க. எனக்குத் தெரியற மாதிரி நில்லுங்க."

மாமாவின் கதவைத் தட்டுவதற்கு முன் அவள் மூன்று தடவை ஒத்திகை பார்த்தாள். நான்காவது தடவை பார்ப்பதற்குள் உள்ளே சாவிச் சத்தம் கேட்டுக் கதவு திறந்துகொண்டது.

"என்ன மிளகு?"

ஒத்திகை பார்த்தது எல்லாம் மறந்துபோனது. ஆனாலும் சொன்னாள். மாமா குறுக்கே பேசாமல் கேட்டார்.

"எத்தனை மாசமா?"

"அஞ்சு மாமா."

"தெருமுனைக்குப் போகாததுக்குக் காரணம் நாய்ப் பயம். உனக்கு."

"ஆமா மாமா."

மாமா மோவாயைத் தடவினார். "அப்ப உன் பேரை மாத்தணும் போலயே."

"மாத்திக்கோங்க மாமா. வண்டியை மட்டும் கூப்பிடாதீங்க."

மாமா அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார். மாடிப்படியில் நின்ற அப்பாவையும் பார்த்தார்.

"நீ சொல்றது சரியா இருந்தா, அந்த இடத்தைச் சுத்தம் பண்ணினா நாய் வராது. சரிதானே? ஞாயித்துக்கிழமை பார்ப்போம். வந்துச்சுன்னா நான் சொன்னது சொன்னதுதான்" என்று கதவைச் சாத்திக்கொண்டார்.

*

சனிக்கிழமை மிளகு, அப்பா, அம்மா மூன்று பேரும் இடுப்பை ஒடித்துக்கொண்டு வேலை பார்த்தார்கள். டேங்குக்குப் பின்னால் இருந்த மண்ணை முழங்கால் ஆழத்துக்குத் தோண்டி எட்டுச் சாக்கில் அள்ளினார்கள். வெந்நீரும் சோப்பும் ஊற்றிச் சுவரைத் தேய்த்தார்கள். புது மண் போட்டு மேலே சரளைக்கல் பரப்பினார்கள். "பஸ் ஓட்டுறது இதைவிடச் சுலபம்" என்று அம்மா இரண்டு தடவை சொன்னார்.

அப்பா டின்னுக்கு மூடி செய்தார். சொட்டு விழ மட்டும் நடுவில் சின்னத் துளை. டின்னை அடுப்போடு ஒட்டி உயரத்தில் இறுக்கினார். சக்கரம் உருளாமல் இருக்க ஒரு கொக்கியும் வைத்தார்.

மிளகு ஒரு மூடி போட்ட வாளியைத் தேடி எடுத்து வைத்தாள். "எலும்பு எல்லாம் இதுக்குள்ளதான். ஒண்ணுகூடக் கீழ விழக்கூடாது."

ஆனாலும் ஒன்று அவளைக் குடைந்துகொண்டே இருந்தது. மற்ற நாளெல்லாம் அரைக்காது மதிய நேரத்தில் தையல்கடைப் படியை விட்டு அசையாது என்று தெருவில் எல்லோரும் சொல்வார்கள். போன ஞாயிற்றுக்கிழமை மதியம் மட்டும் ஏன் கிளம்பி வந்தது?

இதைத் தையல்கடை அக்காவிடம்தான் கேட்க வேண்டும். சாயங்காலம் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, தெருவின் எதிர்ப்பக்கமாகவே நடந்து போய்க் கேட்டாள். அக்கா நாயின் பாதத்தில் மருந்து தடவித் துணி சுற்றியிருந்தார். பூப்போட்ட துணி. யாருடைய சட்டையில் மிச்சமோ.

"தினமும் ஒரு மணிக்கு நான் சாப்பிடறப்ப அதுக்கும் ரொட்டி போடுவேன்" என்றார் அக்கா. "ஞாயித்துக்கிழமை கடை லீவு. அன்னிக்குப் பாவம், பட்டினிதான்."

விருந்து ஞாயிற்றுக்கிழமை. பசியும் ஞாயிற்றுக்கிழமை. மிளகுக்கு விஷயம் புரிந்துவிட்டது.

மறுநாள் மதியம், அப்பா கரியைப் பற்ற வைப்பதற்கு முன்பே, அவள் ஒரு தட்டில் பால் ஊற்றிப் பிசைந்த ரொட்டியை எடுத்துக்கொண்டாள்.

"நான் வரட்டுமா?" என்றார் அம்மா.

"கேட் வரைக்கும் வாங்க போதும்."

நூறு வரைக்கும் கால் தானாக நடந்தது. நூற்று ஐம்பதில் வேகம் குறைந்தது. நூற்றுத் தொண்ணூறில் நின்றேவிட்டது. மூடிய கடையின் படியில் அரைக்காது தலையைத் தூக்கியது. மிளகு பல்லைக் கடித்துக்கொண்டு இன்னும் ஐந்து அடி போனாள். தட்டைத் தரையில் வைத்தாள். பின்பக்கமாகவே நடந்து வந்தாள். அரைக்காது எழுந்து வந்து, தட்டை மூன்றே நக்கில் காலி செய்தது.

விருந்து ஆரம்பித்தது. ஆனால் யாருக்கும் சாப்பாட்டில் கவனம் இல்லை. எல்லார் கண்ணும் கேட்டின் மேலேயே இருந்தது.

முதலில் காகங்கள் வந்தன. முற்றத்தில் பொறுக்க ஒன்றும் இல்லை. அலுத்துப்போய்ப் பறந்துவிட்டன. பூனை மதிலிலிருந்து இறங்கி டேங்குக்குப் பின்னால் போனது. சரளைக்கல்லை மோந்து பார்த்தது. அழைத்துவிட்டுக் கதவைச் சாத்தியவர்களைப் பார்ப்பதுபோல எல்லோரையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு வெளியேறியது.

பிறகு கேட் பக்கம் ஒரு பழுப்புத் தலை தெரிந்தது.

அரைக்காது மூக்கை உயர்த்தி மோந்தது. டேங்க் இருந்த பக்கம் பார்த்தது. அடுப்பைப் பார்த்தது. பூப்போட்ட துணி சுற்றிய காலை ஒரு முறை தூக்கி, உள்ளே வைக்கலாமா என்று யோசிப்பதுபோல நின்றது. வயிறு நிறைந்திருந்தது. வாசனையும் வழக்கமான இடத்திலிருந்து வரவில்லை. நன்றாக ஒரு கொட்டாவி விட்டது. வந்த வழியே திரும்பிப் போய்விட்டது.

எல்லோரும் சாவிக்கொத்து மாமாவைப் பார்த்தார்கள்.

மாமா எதையும் கவனிக்காதவர்போலக் கோழிக்காலைக் கடித்துக்கொண்டிருந்தார். சாப்பிட்டு முடித்து, எலும்பை வழக்கப்படி நாற்காலிக்குப் பின்னால் எறியக் கையை ஓங்கினார். ஓங்கிய கைக்குக் கீழே ஒரு வாளி வந்து நின்றது. வாளியைப் பிடித்திருந்தது மிளகு.

மாமா எலும்பைப் பார்த்தார். வாளியைப் பார்த்தார். நாற்காலிக்குப் பின்னால் திரும்பி, இத்தனை மாதம் தான் எறிந்த எலும்பெல்லாம் எங்கே போயிருக்கும் என்று யோசித்தார் போலிருக்கிறது. முகத்தில் அசடு வழிந்தது. எலும்பை மெதுவாக வாளிக்குள் போட்டார்.

"மூடியைப் போடு, மிளகு" என்றார்.

"பேரை மாத்தலையா மாமா?"

"வேற பேர் எதுவும் தோணலை. நாளைக்கு போனும் பண்ணப்போறதில்லை" என்று சொல்லிவிட்டு மாமா அடுத்த துண்டுக்குத் தட்டை நீட்டினார்.

அப்பா இடுக்கியை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, இருப்பதிலேயே பெரிய துண்டை எடுத்து மாமாவின் தட்டில் வைத்தார்.

எல்லோரும் போன பிறகு டின்னின் சூடு ஆறியது. மிளகு கொழுப்பைப் பேப்பரில் வழித்துச் சுருட்டினாள். கேட்டைத் தாண்டினாள். ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டே நடந்தாள். இருநூறாவது அடியில் அரைக்காது படியில் படுத்திருந்தது. பாதிக் காதைத் தூக்கிப் பார்த்தது. வாலைப் படியில் ஒரு தட்டுத் தட்டியது.

நெஞ்சு அடித்துக்கொண்டது. ஆனால் கால் நிற்கவில்லை. இருநூற்றுப் பத்து, இருநூற்றுப் பதினொன்று, இருநூற்றுப் பன்னிரண்டு. பொட்டலத்தைக் குப்பைத் தொட்டியில் போட்டு மூடியை அழுத்தி மூடினாள்.

திரும்பி வரும்போது அவள் அடிகளை எண்ண மறந்துவிட்டாள்.